இரு வாயில்கள், ஒரே மருந்து

கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் ஆசிரியராக இருந்த வில்லியம் ஓஷாக்னஸி என்னும் ஐரிஷ் வைத்தியர், வங்காளத்து வைத்தியர்களும் ஹக்கீம்களும் நெடுங்காலமாகக் கையாண்டுவந்த கஞ்சாவை முதலில் பிராணிகளுக்கும், பின்னர் வாதநோயாலும் இசிவு ஜன்னியாலும் வலிப்பாலும் துன்புற்ற மனிதர்களுக்கும் அளவறிந்து கொடுத்துப் பார்த்து, தாம் கண்ட பலன்களை 1839ஆம் ஆண்டில் வெளியிட்டது முதல், அந்தச் செடிக்கு ஐரோப்பிய வைத்தியத்தில் ஒரு ஸ்தானம் ஏற்பட்டது. அவர் இங்கிலாந்துக்குக் கொண்டுசென்ற சரக்கிலிருந்து லண்டன் மருந்து வியாபாரியான பீட்டர் ஸ்குவையர் இறக்கிய சத்து, அந்நகரத்து மருத்துவர்களிடையே நல்ல பெயரெடுத்தது. ஆயினும் அந்த மதிப்பு ஒரு நூற்றாண்டுக்கு மேல் நிலைக்கவில்லை. விக்டோரியா மகாராணியின் வைத்தியர்களுள் ஒருவரான ரஸ்ஸல் ரெய்னால்ட்ஸ், தம் நீண்ட அனுபவத்தை 1890இல் எழுதியபோதே, இம்மருந்தின் வீரியம் சரக்குக்குச் சரக்கு மாறுபடுவதை ஒரு பெரிய இடையூறாகக் குறிப்பிட்டார். கப்பலில் மாதக்கணக்காகப் பிரயாணம் செய்து, வெப்பத்திலும் ஈரத்திலும் கிடந்து, துறைமுகத்துக் கிடங்கில் இறங்கிய ஒரு பொதியில் எவ்வளவு சத்து எஞ்சியிருக்கிறது என்பதை அளந்தறியும் வழி அக்காலத்து ரசாயனிகளிடம் இல்லை. ஒரு புட்டியில் பலனே இராது. மற்றொரு புட்டியிலிருந்து அதே அளவு கொடுத்தால் நோயாளி அஞ்சத்தக்க நிலையை அடைவான். அளவு நிச்சயப்படாத பொருளை எந்த வைத்தியன் மனச்சாந்தியுடன் எழுதிக் கொடுப்பான்? சட்டங்களும் அரசியலும் பின்னால் வந்து கதவைச் சாத்தியது உண்மையே. ஆனால் அவை வருவதற்கு முன்பே, உள்ளே என்ன இருக்கிறது என்று ஒருவராலும் சொல்ல முடியாத அந்தப் புட்டி, மருத்துவர்களின் நம்பிக்கையைப் பெரும்பாலும் இழந்திருந்தது.

அபினியின் சரித்திரம் இதற்கு நேர்மாறானது. அதன் சாரமாகிய மார்பின் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே பளிங்கு வடிவில் பிரித்தெடுக்கப்பட்டது. தராசில் நிறுக்கலாம், நீரில் கரைக்கலாம், ஊசி வழியே செலுத்தலாம். கஞ்சாவின் சாரமோ எண்ணெய்ப் பசையுள்ளது, நீரில் கரையாதது, பளிங்காக உறையாதது. டெட்ராஹைட்ரோகன்னாபினால் என்ற அந்தப் பொருளை, அதாவது இன்று டி.எச்.சி. என்று சுருக்கமாக வழங்கப்படுவதை, தூய்மையாகப் பிரித்து அதன் அமைப்பை நிர்ணயிக்கும் காரியம் 1964இல்தான் இஸ்ரேலிய விஞ்ஞானிகளான யெஹியேல் காவோனி, ரபாயேல் மெக்கூலம் ஆகிய இருவராலும் நிறைவேறியது. போதை தராத அதன் கூட்டாளியாகிய கன்னாபிடயால், சி.பி.டி. எனப்படுவது, அதற்குச் சற்று முன்னதாகவே அமைப்பு அறியப்பட்டிருந்தது. இவ்விரண்டும் தெரிந்த பிறகே, கஞ்சாவை மீண்டும் ஓர் ஔஷதமாகக் கருதிப் பார்ப்பதற்கு வேண்டிய அஸ்திவாரம் கிடைத்தது எனலாம்.

செடியின் தன்மையைச் சிறிது ஆராய்ந்தால்தான் பின்னால் வரும் சட்டங்களின் காரணம் விளங்கும். பெண் செடியின் பூங்கொத்துகளை மூடியிருக்கும் நுண்ணிய பிசின் சுரப்பிகளில்தான் மருந்துச் சத்துப் பெரும்பாலும் அடங்கியிருக்கிறது. பச்சைச் செடியில் டி.எச்.சி. நேரடியாக இருப்பதில்லை, அதன் அமில வடிவமே இருக்கிறது, சூடுபட்ட பின்புதான் அது தொழிற்படும் வடிவத்தை அடைகிறது. வெளிச்சமும் காற்றும் பட்டுக்கொண்டே இருந்தால் அந்த டி.எச்.சி.யும் வீரியம் குறைந்த வேறொரு பொருளாகச் சிதைகிறது. ஒரே செடியின் உச்சியில் வெயில்பட்டு விளைந்த பூவும், அடியில் நிழலில் விளைந்த பூவும் சத்தில் ஒத்திருப்பதில்லை. இதன் வேர்கள் மண்ணிலுள்ள காட்மியம் முதலிய உலோகங்களை உறிஞ்சி மேலே ஏற்றுவதில் மிகவும் வல்லமையுடையவை. அசுத்தப்பட்ட நிலங்களைச் சுத்தி செய்வதற்கே இந்தச் செடியைப் பயிரிட்டுப் பார்த்த ஆராய்ச்சிகள் உண்டு. அடர்ந்த பூங்கொத்தின் உள்ளே ஈரம் தங்குமாதலால் பூஞ்சணம் பற்றுவதும் எளிது. இவ்வளவு சபலமான ஒரு பொருளை, ரசாயன சிகிச்சையால் எதிர்ப்புச் சக்தி குன்றிய புற்றுநோயாளி ஆவியாக உள்ளிழுக்கப் போகிறார் என்றால், அதை விளைவிப்பவரிடமும் விற்பவரிடமும் சமுதாயம் எத்தனை கேள்விகள் கேட்டாலும் தகும்.

அக்கேள்விகளை ஒரு தேசம் எவ்வாறு கேட்டது, தன் எல்லைக்குள் விளைந்த சரக்கிடம் ஒருவிதமாகவும் கடல்கடந்து வந்த சரக்கிடம் வேறுவிதமாகவும் சில ஆண்டுக்காலம் கேட்டது எங்ஙனம், பிறகு அந்தப் பேதத்தை எப்படி நீக்கியது என்பதே இவ்வத்தியாயத்தின் விஷயம். அந்தத் தேசம் ஆஸ்திரேலியா.

எல்லாவற்றுக்கும் மேலே நிற்பது 1961ஆம் ஆண்டின் சர்வதேசப் போதைமருந்து ஒப்பந்தம். கஞ்சாச் செடியை வைத்தியத்துக்காகப் பயிரிட விரும்பும் எந்த ராஜ்யமும், அபினிச் சாகுபடிக்கு விதிக்கப்பட்டிருக்கும் அதே கட்டுப்பாட்டை இதற்கும் கைக்கொள்ள வேண்டும் என்று அதன் 28ஆவது பிரிவு கூறுகிறது. நாருக்காகவும் விதைக்காகவும் பயிரிடுவதற்கு விலக்கு உண்டு. அந்தக் கட்டுப்பாடு இன்னதென்று 23ஆவது பிரிவு விவரிக்கிறது: சர்க்கார் ஸ்தாபனம் ஒன்று இருக்க வேண்டும், அது லைசென்ஸ் வழங்கிய நிலத்தில் மட்டுமே பயிரிடலாம், விளைந்தது முழுவதையும் அதனிடமே ஒப்படைக்க வேண்டும், அறுவடை முடிந்து நான்கு மாதத்துக்குள் அந்த ஸ்தாபனம் அதை விலைகொடுத்து வாங்கித் தன் வசத்தில் எடுத்துக்கொள்ள வேண்டும். தேசங்களுக்கிடையே நடக்கும் வாணிபத்துக்கு 31ஆவது பிரிவு. வாங்கும் தேசத்தின் அதிகாரி இறக்குமதிச் சான்று தராமல் விற்கும் தேசத்தின் அதிகாரி ஏற்றுமதி அனுமதி தரலாகாது. ஒவ்வொரு தேசமும் அடுத்த ஆண்டில் தனக்கு எவ்வளவு தேவைப்படும் என்ற மதிப்பீட்டை வியன்னாவிலுள்ள சர்வதேசக் கட்டுப்பாட்டு வாரியத்துக்கு முன்கூட்டியே அனுப்புகிறது. அந்த மதிப்பீட்டை மீறி ஒரு கிலோவும் உலகில் இடம்பெயரக் கூடாது என்பது நோக்கம்.

இந்த ஒப்பந்தத்தின் கவலை முழுவதும் ஒன்றே என்பதை வாசகர் கவனிக்க வேண்டும். சரக்கு கள்ளச்சந்தைக்குத் திரும்பிவிடக் கூடாது, அவ்வளவுதான். அந்தச் சரக்கு சுத்தமானதா, அளவு சரியானதா, நோயாளிக்குத் தீங்கு செய்யாததா என்பதைப் பற்றி அதில் பெரும்பாலும் பேச்சே இல்லை. ஆகவே காவல் வேறு, தரம் வேறு என்று இரண்டு தனித்தனி விசாரணைகள் ஒவ்வொரு தேசத்திலும் உண்டாயின. இவ்விரண்டையும் ஒன்றாக எண்ணி மயங்குவதனாலேயே கஞ்சா மருந்தைப் பற்றிய பொதுவிவாதங்களில் பாதி வீணாகின்றன.

ஆஸ்திரேலியாவுக்குக் காவல் விஷயத்தில் அனுபவக் குறைவு கிடையாது. மார்பின் வகை மருந்துகளுக்காக உலகத்துக்கு வேண்டிய மூலப்பொருளில் பெரும்பங்கை விளைவிப்பது அதன் தென்கோடித் தீவாகிய டாஸ்மேனியாவின் அபினிச் செடி வயல்களே. அத்தொழிலின் மருந்துற்பத்திப் பகுதியை 1967ஆம் ஆண்டின் போதைமருந்துச் சட்டம் பரிபாலித்து வந்தது. ஆனால் அச்சட்டத்தில் அப்போது கஞ்சாச் சாகுபடிக்கு இடமிருக்கவில்லை. நியூ சவுத் வேல்ஸ் மாகாணத்து டாம்வொர்த் நகரில் டான் ஹாஸ்லம் என்ற இளைஞர், குடற்புற்றுநோய்க்காக அளிக்கப்பட்ட ரசாயன சிகிச்சையின் குமட்டலைத் தாங்கமாட்டாமல் கஞ்சாவில் ஆறுதல் கண்டார். அவருக்கு ஆறுதல் அளித்த அந்தப் பொருளைச் சட்டம் குற்றமாகக் கருதிற்று. செவிலியாகப் பணியாற்றியவரான அவருடைய தாய் லூசி ஹாஸ்லம், மகனுக்காகத் தொடங்கிய கிளர்ச்சியை நாடு முழுவதற்குமான இயக்கமாக வளர்த்தார். மகன் 2015 பிப்ரவரி 24ஆம் தேதி மறைந்தார். சட்டத்தைத் திருத்தும் மசோதா சரியாக ஓராண்டு கழித்து அதே தேதியில் நிறைவேறியது. சட்டம் ஒரு மனிதனுடைய ஆயுளுக்குப் பிந்தி வந்ததை அந்தத் தேதி எக்காலத்திலும் நினைவூட்டிக்கொண்டிருக்கும்.

திருத்தச் சட்டம் 2016 அக்டோபர் 30ஆம் தேதி அமலுக்கு வந்தது. மத்திய சுகாதார இலாகாவில் போதைமருந்துக் கட்டுப்பாட்டு அலுவலகம் என்று ஒன்று அமைந்து, காவல் பொறுப்பை ஏற்றது. தரப் பொறுப்பு, 1989ஆம் ஆண்டின் சிகிச்சைப் பொருள் சட்டத்தின்கீழ் எல்லா மருந்துகளையும் மேற்பார்க்கும் சிகிச்சைப் பொருள் நிர்வாகத்தினிடம், அதாவது டி.ஜி.ஏ. என்ற ஸ்தாபனத்தினிடம், இருந்தது. உள்நாட்டில் கஞ்சா பயிரிட விரும்பும் ஒருவர் முதலில் கட்டுப்பாட்டு அலுவலகத்தின் லைசென்ஸைப் பெற வேண்டும். அதற்குத் தம் நடத்தையும், கூட்டாளிகளின் நடத்தையும், பணம் வந்த வழியும் பரிசீலனைக்கு உள்ளாகும். நிலத்தைச் சுற்றிய வேலி, காமிரா, களஞ்சியத்துப் பூட்டு, கழிவை அழிக்கும் முறை ஆகிய எல்லாம் எழுத்தில் ஒப்புவிக்கப்பட வேண்டும். லைசென்ஸ் கிடைத்தாலும் விதைபோட இயலாது. எத்தனை செடி, எவ்வளவு விளைச்சல் என்று வரையறுக்கும் பெர்மிட் தனியே வேண்டும். அந்த விளைச்சல் எவரிடம் போய் மருந்தாகும் என்பதையும் முன்னதாகவே காட்டியாக வேண்டும். ஆஸ்திரேலிய சர்க்கார் ஹாலந்து சர்க்காரைப் போல அறுவடையைத் தானே வாங்கிவைத்து விநியோகிக்க முன்வரவில்லை. அதற்குப் பதிலாகச் சங்கிலியின் ஒவ்வொரு கண்ணியையும் பெர்மிட்டால் பிணைத்தது. சாகுபடிக்கு ஒன்று, ஆராய்ச்சிக்கு ஒன்று, மருந்தாக்கலுக்கு ஒன்று என்று முதலில் மூன்றாகப் பிரிந்திருந்த லைசென்ஸுகளை 2021 டிசம்பரில் ஒன்றாக இணைத்தபோது, அதுகாறும் ஒரே ஆளைப் பற்றி மூன்று முறை ஒரே விசாரணை நடந்துகொண்டிருந்த அவஸ்தை ஒருவாறு நீங்கியது.

இவ்வளவும் காவலுக்காக. இதன் பின்னர் தரத்துக்காக டி.ஜி.ஏ.யின் உற்பத்தி லைசென்ஸ் வேண்டும். மாகாண சர்க்கார்களின் நிபந்தனைகளும் உண்டு.

இறக்குமதியின் வழி வேறு. 1956ஆம் ஆண்டின் சுங்க விதிகளின்படி இறக்குமதியாளர் ஒரு லைசென்ஸையும், ஒவ்வொரு சரக்குக்கும் தனித்தனிப் பெர்மிட்டையும் கட்டுப்பாட்டு அலுவலகத்தினிடம் பெறுவார். ஏற்றுமதி செய்யும் தேசம் தன் அனுமதியைத் தரும். சரக்கு வந்து இறங்கிக் காவலுள்ள கிடங்கில் இருக்கும். சட்டம் வந்த புதிதில் உள்நாட்டில் ஒரு செடியும் விளைந்திருக்கவில்லை. மருத்துவர் எழுதிக் கொடுத்த பின்பும், ஒவ்வொரு நோயாளிக்காகவும் தனியே வெளிநாட்டிலிருந்து தருவிக்க வேண்டியிருந்தமையால் வாரக்கணக்கில் காத்திருக்க நேர்ந்தது. வலிப்பு நோயுள்ள குழந்தையின் பெற்றோருக்கு வாரம் என்பது எவ்வளவு நீளமானது என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. ஆகவே 2017 பிப்ரவரியில் சர்க்கார், உள்நாட்டு உற்பத்தி தலையெடுக்கும்வரை மொத்தமாகத் தருவித்துக் கிடங்கில் வைத்துக்கொள்ள அனுமதித்தது. அந்த முடிவு கருணையுடையது, அவசியமானதுங்கூட.

அதே ஆண்டில் டி.ஜி.ஓ. 93 என்ற தர உத்தரவு பிறந்தது. உள்நாட்டுச் சரக்கு, வெளிநாட்டுச் சரக்கு இரண்டையும் கட்டுப்படுத்தும் உத்தரவு அது. தாவரம் இன்னதென்று அடையாளம் உறுதிப்பட வேண்டும்; பூச்சிமருந்தின் எச்சம் ஐரோப்பிய மருந்துக் கோவை வகுத்த எல்லைக்குள் அடங்க வேண்டும்; ஆர்செனிக், காட்மியம், ஈயம், பாதரசம் என்ற நான்கு உலோகங்களும், அப்லாடாக்சின் முதலிய பூஞ்சண நஞ்சுகளும் பரிசோதிக்கப்பட வேண்டும்; உள்ளேயிருக்கும் சத்து, லேபிளில் குறித்த அளவில், உலர்ந்த பூவாயின் நூற்றுக்கு 80 முதல் 120 வரையிலும், எண்ணெய், மாத்திரை போன்ற பக்குவப்பட்ட வடிவங்களாயின் 90 முதல் 110 வரையிலும் நிற்க வேண்டும். பூவுக்கு அளித்த தாராளம் இயற்கையின் ஏறுமாறான போக்குக்காக அளித்தது. ரெய்னால்ட்ஸ் காலத்து மருத்துவர்கள் இத்தகைய உத்தரவு ஒன்றைக் கண்டிருந்தால் எவ்வளவு நிம்மதியடைந்திருப்பார்கள்!

ஆனால் இந்த உத்தரவு பேசியது முடிந்துவந்த பொருளின் குணங்களைப் பற்றி. அந்தப் பொருள் எப்படிப்பட்ட இடத்தில், எவ்விதமான ஒழுங்கில் ஆக்கப்பட்டது என்ற கேள்வியை உள்நாட்டு உற்பத்தியாளர் மட்டுமே எதிர்கொண்டார். அவர் ஜி.எம்.பி. என்று மருந்துத் தொழிலார் வழங்கும் நல்லுற்பத்தி நெறியை, அதாவது பல தேசங்களின் மருந்துப் பரிசோதகர்கள் கூடி வகுத்த பொதுநெறியை, அனுசரிக்கிறார் என்று டி.ஜி.ஏ.யின் பரிசோதகர் நேரில் வந்து பார்த்து ஒப்புக்கொண்டாலன்றி ஒரு புட்டியும் வெளியேற இயலாது. அந்தப் பரிசோதனைக்கான கட்டணமும் அவருடையதே. இறக்குமதியான சரக்குக்கோ அத்தகைய அத்தாட்சி அவசியமாக்கப்படவில்லை. அது டி.ஜி.ஓ. 93இன் பரிசோதனைகளில் தேறினால் போதும். சில வெளிநாட்டு ஸ்தாபனங்கள் ஐரோப்பிய ஜி.எம்.பி. சான்றிதழை உடையனவாகவே இருந்தன. அவற்றைக் குறைகூற ஒன்றுமில்லை. வேறு சில, தத்தம் தேசத்தின் உள்ளூர் விதிகளை மட்டும் அனுசரித்தன. உதாரணமாக, கனடாவில் 2018ஆம் ஆண்டின் கஞ்சாச் சட்டம், கேளிக்கைக்காக விற்கும் சரக்குக்கும் வைத்தியத்துக்காக விற்கும் சரக்குக்கும் பொதுவான ஓர் உற்பத்தி ஒழுங்கை விதித்திருக்கிறது. அது சுத்தத்தைக் கவனிக்கும் நல்ல ஒழுங்குதான் எனினும் மருந்துத் தொழிற்சாலையின் நெறியாகாது. ஆஸ்திரேலியாவுக்கு வந்துகொண்டிருந்த சரக்கில் பெரும்பகுதி கனடாவிலிருந்து வந்ததே.

கடைசியில் பரிசோதித்துத் தேறிய பொருளுக்கு உற்பத்தி முறையைப் பற்றிய ஆராய்ச்சி எதற்கு என்று கேட்போர் உண்டு. ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பது நம் சமையற்கட்டில் முற்றிலும் உண்மை. ஏனெனில் பானையிலுள்ள ஒவ்வொரு பருக்கையும் அதே நீரில், அதே நெருப்பில், அதே நேரம் வெந்திருக்கிறது. கஞ்சாப் பூக்குவியலுக்கு இந்நியாயம் பொருந்தாது. அதன் ஒரு மூலையில் ஈரம் தங்கியிருக்கலாம், மறுமூலை காய்ந்திருக்கலாம். பரிசோதனைக்கு எடுத்த சில கிராம் அழிந்துவிடுமாதலால், நோயாளியை அடைவது எப்பொழுதும் பரிசோதிக்கப்படாத எஞ்சிய பகுதியே. சோதித்த மாதிரியிலிருந்து சோதியாத குவியலைப் பற்றி ஒரு முடிவுக்கு வருவதற்கு நமக்குள்ள உரிமையெல்லாம், குவியல் முழுவதும் ஒரே சீராகப் பக்குவப்பட்டது என்ற நம்பிக்கையிலிருந்தே பிறக்கிறது. அந்த நம்பிக்கைக்கு ஆதாரம் தருவதே ஜி.எம்.பி.யின் காரியம். உலர்த்தும் அறையின் வெப்பமும் ஈரமும் மணிக்கு மணி பதிவாகியிருக்கின்றனவா, தராசு கடைசியாக எப்பொழுது சரிபார்க்கப்பட்டது, முந்திய சரக்கின் தூசு துடைக்கப்பட்டதற்கு எவர் கையெழுத்திட்டார், வழக்கத்துக்கு மாறான சம்பவம் நிகழ்ந்தபோது அதை மறைத்தார்களா எழுதினார்களா, ஆறு மாதம் அலமாரியில் இருந்த பின்பும் லேபிள் உண்மை கூறுகிறதா என்று அந்நெறி கேட்டுக்கொண்டே இருக்கிறது.

ஓர் உதாரணத்தைச் சற்று விரிவாகப் பார்ப்போம். உலர்த்துவதில் ஏற்பட்ட அசட்டையால் ஒரு குவியலில் பூஞ்சணம் பற்றிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். காமாக் கதிர்களைச் செலுத்தினால் பூஞ்சணமும் அதன் வித்துகளும் மாண்டுபோகும். கதிர் வீசுவது தவறான முறையன்று, பல தேசங்களில் வழக்கத்திலுள்ள முறைதான். பிறகு நுண்ணுயிர்ப் பரிசோதனை செய்தால் சரக்கு சுத்தமானதென்றே முடிவு வரும். ஆனால் பூஞ்சணம் உயிரோடிருந்தபோது உமிழ்ந்த நஞ்சு, ஒரு ரசாயனப் பொருளாதலால், உயிரை அழிக்கும் கதிருக்குப் பெரும்பாலும் அழிவதில்லை. அந்த நஞ்சைத் தனியே தேடும் பரிசோதனையும் உண்டு என்றாலும், அது குவியலின் எந்த மூலையில் இருக்கிறதோ அந்த மூலையிலிருந்து மாதிரி எடுத்திருந்தால்தான் அகப்படும். கடைசிப் பரிசோதனை ஒன்றையே நம்பியிருப்பவர் இந்தச் சரித்திரத்தில் எதையும் அறியமாட்டார். உலர்த்திய நாளின் பதிவேட்டைக் கேட்பவரோ முதல் பக்கத்திலேயே அறிந்துவிடுவார்.

உள்நாட்டு உற்பத்தியாளர்கள் இந்தப் பேதத்தை அநியாயம் என்று முறையிட்டனர். லைசென்ஸுக்கும் பரிசோதகருக்கும் தாங்கள் செலவழிக்க, அச்செலவில்லாமல் வந்த சரக்கு மலிவாக விற்றது என்பது அவர்கள் வாதம். வியாபாரிகளின் லாபத்தைக் காப்பது மருந்துச் சட்டத்தின் வேலையன்று என்பது என் கருத்து. அந்த முறையீட்டை அந்த அளவில் நான் பெரிதாகக் கருதவில்லை. ஆனால் அதே பேதத்தை நோயாளியின் பக்கத்திலிருந்து பார்க்கும்போது மனம் பதைக்கிறது. மருந்துக் கடையில் பக்கம்பக்கமாக இருந்த இரு புட்டிகளில் ஒன்று பரிசோதகரின் கண்பட்ட தொழிற்சாலையில் ஆனது, மற்றொன்று அவ்வாறு ஆகாததாக இருக்கக்கூடும். வாங்குபவருக்கு அது தெரிய வழியில்லை. 2017இல், உள்நாட்டில் ஒன்றுமே இல்லாத காலத்தில், இந்தச் சலுகை நியாயமானது. உள்நாட்டிலும் ஜி.எம்.பி. நெறிப்படி மருந்து ஆகத் தொடங்கி, பதிவு பெறாத மருந்துகளுக்கான சிறப்பு அனுமதித் திட்டத்தின்கீழ் வழங்கப்பட்ட அனுமதிகள் 2021ஆம் ஆண்டில் மட்டும் ஒரு லட்சத்தைத் தாண்டிவிட்ட பின்பும் அது நீடித்ததை நியாயம் என்று என்னால் சொல்ல இயலவில்லை.

டி.ஜி.ஏ. பொதுமக்களிடமும் தொழிலாரிடமும் அபிப்பிராயம் கேட்டு, 2022இல் உத்தரவைத் திருத்தியது. 2023 ஜூலை முதல் தேதியிலிருந்து இறக்குமதியாகும் கஞ்சா மருந்தும் ஜி.எம்.பி. நெறிப்படி ஆக்கப்பட்டது என்பதற்கு, ஒப்புக்கொள்ளத்தக்க அத்தாட்சி இருந்தாலன்றி ஆஸ்திரேலியாவில் வழங்கப்படலாகாது என்றாயிற்று. லேபிளைப் பற்றியும், குழந்தைகள் எளிதில் திறக்கமாட்டாத மூடியைப் பற்றியும் விதிகள் இறுகின. ஓராண்டுக்கு மேலான அவகாசம் கொடுத்தது, திடீரென்று கடைகளில் மருந்து தீர்ந்து நோயாளிகள் தவிக்கக்கூடாது என்ற விவேகத்தால். கடுமையான விதியைக் கொண்டுவருவது சுலபம்; அதைக் கொண்டுவரும்போது, பழைய மருந்தால் வலிப்பு நின்றிருக்கும் ஒரு குழந்தையின் புட்டி நடுவில் காலியாகாமல் பார்த்துக்கொள்வதுதான் அதிகாரிகளின் திறமைக்குச் சோதனை.

ஜெர்மனி இவ்விஷயத்தில் வேறு வழியில் சென்றது. 2017இல் கஞ்சா மருந்தை அனுமதித்தபோதே இறக்குமதிச் சரக்குக்கு ஐரோப்பிய நல்லுற்பத்தி நெறியை நிபந்தனையாக்கியது. உள்நாட்டுச் சாகுபடிக்கு ஏலமுறையில் மூன்று ஸ்தாபனங்களைத் தெரிந்தெடுத்து, ஒப்பந்தத்தின் 23ஆவது பிரிவு கூறுகிறபடி சர்க்கார் ஸ்தாபனமே அறுவடையை வாங்கி மருந்துக் கடைகளுக்கு விற்றது. உள்நாட்டில் விளைந்த முதற்சரக்கு 2021இல்தான் கைக்கு வந்தது; அதுவரை நாடு முழுவதும் இறக்குமதியையே நம்பியிருந்தது. 2024 ஏப்ரலில் புதிய சட்டம் வந்து ஏலமுறையை ஒழித்து, லைசென்ஸ் முறையைக் கொண்டுவந்தது. தரத்தில் ஆரம்பம் முதல் ஒரே அளவுகோல், அளவில் நீண்டகாலம் கையிறுக்கம் என்று ஜெர்மனியின் போக்கைச் சொல்லலாம்.

இங்கே ஓர் எச்சரிக்கை அவசியம். தரம் சமமாகிவிட்டதென்றால் மருந்து நிரூபணமாகிவிட்டதென்று பொருளன்று. ஆஸ்திரேலியாவில் கஞ்சாவிலிருந்து ஆனவற்றுள், பலனும் பாதுகாப்பும் முழுமையாக ஆராயப்பட்டுப் பதிவேட்டில் ஏறியவை இரண்டே: பல்திசுக் கடினநோயின் தசை இறுக்கத்துக்கான சாட்டிவெக்ஸ் என்ற வாய்த்தெளிப்பு, குழந்தைகளைப் பீடிக்கும் சில கடுமையான வலிப்பு வகைகளுக்கான எபிடியோலெக்ஸ் என்ற சி.பி.டி. திரவம். பின்னதற்கு 2021 மே மாதம் முதல், அவ்வகைகளுள் ஒன்றான டிராவே வலிப்புக்கு சர்க்கார் மானியமும் உண்டு. ஏனைய நூற்றுக்கணக்கான சரக்குகள், உள்நாட்டில் ஆனவையாயினும் வெளிநாட்டில் ஆனவையாயினும், பதிவு பெறாத மருந்துகள். மருத்துவர் ஒரு நோயாளிக்காகச் சிறப்பு அனுமதி கேட்டோ, அல்லது தாமே அதிகாரம் பெற்றவராக ஆகியோ அவற்றை எழுதிக் கொடுக்கிறார். 2021 நவம்பர் முதல் அந்த அனுமதி குறிப்பிட்ட ஒரு சரக்குக்கு என்றில்லாமல், சி.பி.டி.க்கும் டி.எச்.சி.க்கும் உள்ள விகிதத்தை ஒட்டிய ஐந்து வகைகளுள் ஒன்றுக்கு என்று வழங்கப்படுகிறது. அதனால் ஒரு புட்டி கிடைக்காதபோது அதே வகையில் வேறொன்றைத் தர முடிகிறது. மருத்துவருக்கும் நோயாளிக்கும் வீண் தாமதம் குறைந்தது. எனினும் ஒரே வகையில் அடங்கிய சரக்குகள் ஒன்றுக்கொன்று ஈடானவை என்று எண்ணுவதற்கு, அவை ஒரே நெறிப்படி ஆக்கப்பட்டிருக்க வேண்டும் அல்லவா? வகையை முன்னிட்ட அனுமதி வந்த பிறகு இறக்குமதிக்கு ஜி.எம்.பி. விதிக்கப்பட்டது தற்செயலாக நேர்ந்த வரிசையாயினும், முன்னது பின்னதை இன்றியமையாததாக்கிவிட்டது என்றே எனக்குத் தோன்றுகிறது.

நிரூபணம் என்ற வாயில் எவ்வளவு குறுகியது என்பதற்கு ஒரு சம்பவம் சான்று. 2021 பிப்ரவரி முதல் தேதி, நாளொன்றுக்கு 150 மில்லிகிராமுக்கு மிகாத சி.பி.டி. மருந்துகளைப் பெரியவர்கள் மருத்துவர் சீட்டில்லாமல், மருந்தாளுநரைக் கலந்துகொண்டு வாங்கலாம் என்று அனுமதிக்கப்பட்டது. அந்தச் சலுகைக்கு ஒரு நிபந்தனை இருந்தது: அந்த மருந்து பதிவேட்டில் ஏறியதாக இருக்க வேண்டும். பதிவேட்டில் ஏற வேண்டுமானால் அவ்வளவு சிறிய அளவில் அது உண்மையாகவே பலன் தருகிறது என்று, வெற்று மாத்திரையோடு ஒப்பிட்டுச் செய்த சோதனைகளால் காட்ட வேண்டும். தொடர்ந்த இரண்டு ஆண்டுகளில், உள்நாட்டாரிலும் வெளிநாட்டாரிலும் ஒருவருடைய சரக்கும் அந்தப் பதிவைப் பெறவில்லை. எபிடியோலெக்ஸ் வலிப்பைத் தணிக்கும் அளவு, குழந்தையின் உடல் எடையில் கிலோவுக்குப் பத்து, இருபது மில்லிகிராம் என்ற கணக்கில் அமைவது; பெரியவருக்கு நாள் முழுவதற்கும் 150 மில்லிகிராம் என்பது அதனோடு ஒப்பிடுகையில் மிகவும் சொற்பம். அந்தச் சொற்ப அளவு உறக்கமின்மைக்குப் பயன்படுமா என்று அறிய, சில ஸ்தாபனங்கள் முறையான சோதனைகளில் இறங்கின.